சுமை இறங்கிய உடம்பு: விண்வெளியில் நமக்கு என்ன ஆகிறது?

2024 நவம்பரில் ஒரு புகைப்படம் வாட்ஸ்அப் குழுக்களில் ஓயாமல் சுற்றியது. சர்வதேச விண்வெளி நிலையத்தில் அப்போது இருந்த சுனிதா வில்லியம்ஸின் படம். கன்னங்கள் ஒட்டிப்போனது போலத் தெரிந்தன. எட்டு நாள் பயணம் என்று ஜூன் 5 அன்று கிளம்பியவர், போயிங்கின் ஸ்டார்லைனர் ஓடத்தில் கோளாறு ஏற்பட்டதால் ஐந்து மாதமாக மேலேயே தங்கியிருந்தார். சாப்பாடு இல்லாமல் இளைத்துவிட்டார், உடம்பு முடியவில்லை என்றெல்லாம் செய்தி பரவியது. கடைசியில் அவரே பேட்டி கொடுக்க வேண்டி வந்தது: இங்கே வந்தபோது என்ன எடையோ அதே எடையில்தான் இருக்கிறேன், பளு தூக்கும் பயிற்சியால் தொடைகூடக் கொஞ்சம் பெருத்திருக்கிறது, உடம்பிலுள்ள திரவம் இடம் மாறுவதால்தான் உருவம் வேறு மாதிரித் தெரிகிறது.

எடையே இல்லாத இடத்தில் எடையை எப்படிப் பார்த்தார் என்று கேட்கலாம். சுருள்வில் பொருத்திய கருவி ஒன்று இருக்கிறது. அதில் உடம்பைச் சேர்த்துப் பிடித்துக்கொண்டால் வில் முன்னும் பின்னும் ஆடும். ஆட்டம் மெதுவாக இருந்தால் உடம்பின் நிறை அதிகம், வேகமாக இருந்தால் குறைவு. அவ்வளவுதான் கணக்கு.

விண்வெளியில் உடம்பு சீரழிகிறது என்று பொதுவாக எழுதுகிறார்கள். எனக்கு அந்தச் சொல்லில் முழு உடன்பாடு இல்லை. அங்கே நடப்பவற்றில் பெரும்பகுதி, உடம்பு புது இடத்துக்கு ஏற்பத் தன்னை மாற்றிக்கொள்வதுதான். பூமியில் பிறந்ததிலிருந்து இடைவிடாமல் சுமந்து வந்த ஒரு பாரம் திடீரென்று இறங்குகிறது. இனி எதெல்லாம் வேண்டாமோ அதையெல்லாம் உடம்பு கழித்துக்கட்டத் தொடங்குகிறது. கழித்ததையெல்லாம் திரும்ப வாங்க வேண்டியிருப்பது தரைக்கு வரும்போதுதான்.

முதலில் ஒரு தவறான எண்ணத்தை எடுத்துவிடலாம். விண்வெளி நிலையம் பறப்பது சுமார் 400 கிலோமீட்டர் உயரத்தில். சென்னையிலிருந்து மதுரைக்குப் போகும் தூரம்கூட இல்லை. அந்த உயரத்திலும் பூமியின் ஈர்ப்பு தரையில் இருப்பதில் ஏறக்குறைய 90 சதவீதம் அப்படியே இருக்கிறது. பிறகு ஏன் மிதக்கிறார்கள்? அவர்கள் விழுந்துகொண்டே இருக்கிறார்கள். நிலையமும் உள்ளே இருப்பவர்களும் மணிக்குச் சுமார் 28,000 கிலோமீட்டர் வேகத்தில் பக்கவாட்டில் ஓடுவதால், விழ விழப் பூமியின் வளைவும் கீழே விலகிக்கொண்டே போகிறது. தரை வந்து சேர்வதே இல்லை. பொருட்காட்சி ராட்டினம் உச்சியிலிருந்து இறங்கும்போது வயிற்றுக்குள் ஜிலீரென்று ஓர் உணர்வு வருமே, அது ஆறு மாதம் ஓயாமல் நீடித்தால் எப்படி இருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். எடை என்று நாம் உணர்வது, தரை நம்மைத் திருப்பித் தாங்குவதைத்தான். தாங்குவதற்குத் தரை இல்லை என்றால் எடையும் இல்லை.

இந்தத் தாங்கல் போனதும் முதலில் இடம் பெயர்வது திரவம். நாம் நிற்கும்போது ரத்தமும் மற்ற நீரும் காலை நோக்கி இறங்கப் பார்க்கும். அவற்றை மேலே தள்ளுவதற்கென்றே ரத்தக் குழாய்களும் இதயமும் பழகியிருக்கின்றன. விண்வெளியில் கீழே இழுப்பது நின்றுவிடுகிறது, மேலே தள்ளுவது நிற்கவில்லை. முகம் உப்புகிறது, கழுத்து நரம்பு புடைக்கிறது, கால் குச்சியாகிறது. மூக்கடைப்பு வந்து சாப்பாட்டின் ருசி மங்குகிறது. வீட்டில் காரமே சாப்பிடாதவர்கள்கூட அங்கே காரச் சாஸ் கேட்பது இதனால்தான் என்கிறார்கள்.

மார்புப் பகுதியில் திரவம் கூடியதும் உடம்பு அதை வேறு விதமாகப் புரிந்துகொள்கிறது: தண்ணீர் அதிகமாகிவிட்டது, குறைக்க வேண்டும். தாகம் குறைகிறது, சில நாட்களில் ரத்தத்தின் நீர்ப்பகுதி பத்து சதவீதத்துக்கும் மேல் குறைந்துவிடுகிறது. சிவப்பணுக்களும் கணக்குத் தீர்க்கப்படுகின்றன. ஒட்டாவா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 14 விண்வெளி வீரர்களைப் பரிசோதித்து 2022-ல் வெளியிட்ட முடிவு இது: தரையில் நம் உடம்பு ஒரு நொடிக்கு 20 லட்சம் சிவப்பணுக்களை அழித்துப் புதிதாக உருவாக்குகிறது, விண்வெளியில் அழிவது நொடிக்கு 30 லட்சம். ஆறு மாதமும் அந்த வேகம் குறையவில்லை. மிதக்கும்வரை இந்த ரத்தக் குறைவு பெரிதாகத் தெரியாது. தரைக்கு வந்து எழுந்து நின்றதும் தலை சுற்றும், கண் இருட்டும்.

இதயமும் தன் வேலைக்குத் தக்க அளவில்தான் இருக்கும். 2015-16-ல் 340 நாட்கள் மேலே இருந்த ஸ்காட் கெல்லி அன்றாடம் உடற்பயிற்சி செய்தவர். அப்படியும் அவருடைய இதயத்தின் இடது கீழறை தன் நிறையில் கால் பங்குக்கும் சற்று அதிகமாக இழந்திருந்தது. இழந்த பிறகும் அது நன்றாகவே வேலை செய்தது என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

திரவம் மேலேறுவதில் மருத்துவர்களை உண்மையாகவே கவலைப்படுத்துவது கண். 1962-ல் ஜான் க்ளென் பூமியைச் சுற்றியபோதே அவர் முன்னால் ஒரு சிறிய எழுத்து அட்டையை ஒட்டி அனுப்பினார்கள். எடையில்லாமல் கண்ணின் வடிவம் மாறிவிடுமோ என்ற பயம். ஐந்து மணி நேரப் பயணத்தில் அவருக்கு ஒன்றும் ஆகவில்லை. அந்தப் பயத்தை எல்லோரும் மறந்துபோனார்கள். மாதக்கணக்கில் தங்கும் காலம் வந்த பிறகு, கிட்டத்தில் இருப்பது மங்கலாகத் தெரிகிறது என்று வீரர்கள் சொல்லத் தொடங்கினார்கள். 2011-ல் ஏழு பேரின் கண்களை ஆராய்ந்து வந்த கட்டுரைதான் விஷயத்தை வெளிச்சத்துக்குக் கொண்டுவந்தது: பெரும்பாலோருக்குக் கண்விழியின் பின்புறம் தட்டையாகியிருந்தது, பார்வை நரம்பு கண்ணோடு சேரும் இடம் சிலருக்கு வீங்கியிருந்தது. சிலருக்குத் திரும்பி வந்து ஆண்டுக்கணக்கான பிறகும் பழைய பார்வை முழுதாகத் திரும்பவில்லை. இப்போது போகிறவர்கள் கூடுதல் பவர் கண்ணாடிகளைக் கையோடு எடுத்துக்கொண்டே போகிறார்கள். தலைக்குள் ஏற்படும் அழுத்தம்தான் காரணமா, மூளையைச் சுற்றிய நீர் வடியாததா, இரண்டுமா என்று இன்னும் விவாதம் நடக்கிறது.

இன்னொரு சம்பவத்தைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. ஓர் ஆய்வுக்காக விண்வெளி வீரர்களே தங்கள் கழுத்துச் சிரையை ஸ்கேன் செய்துகொண்டார்கள். பதினோரு பேரில் ஆறு பேருக்கு அந்தச் சிரையில் ரத்தம் தேங்கி நின்றது, அல்லது பின்னோக்கி ஓடியது. ஒருவருக்கு ரத்தம் கட்டியாகவே உறைந்திருந்தது. ஆறு மாதப் பயணத்தில் அப்போது இரண்டு மாதம்தான் முடிந்திருந்தது. அவருக்கு வலியோ வேறு அறிகுறியோ கிடையாது. ஆய்வு நடந்திருக்காவிட்டால் தெரிந்தே இருக்காது. வட கரோலினாவில் உள்ள ஒரு ரத்த உறைவு நிபுணரை நாசா தொலைபேசியில் பிடித்தது. மேலே கையிருப்பில் இருந்த ஊசி மருந்து கொஞ்சம்தான். அடுத்த சரக்குக் கலம் மாத்திரை கொண்டுவரும்வரை அதைக் கணக்குப் பார்த்துப் போட்டார்கள். குப்பியிலிருந்து மருந்தை ஊசியில் இழுப்பதுகூட அங்கே எளிதல்ல. திரவம் அடியில் தங்காமல் குப்பிக்குள் உருண்டையாக அலையும். அவர் நலமாகத் திரும்பினார். யார் என்று இன்றுவரை வெளியிடவில்லை, அதுதான் முறையும்கூட. ஐந்நூறு பேருக்கு மேல் போய் வந்த பிறகும் புதிதாக ஓர் ஆபத்து தட்டுப்படுகிறது என்பது என்னை மிகவும் யோசிக்க வைத்தது.

சரி, இதற்கெல்லாம் முன்னால், போன முதல் நாளே படுத்தி எடுக்கும் ஒன்று இருக்கிறது. நம் உள்காதில் நுண்ணிய சுண்ணாம்புப் படிகங்கள் ஒரு கூழ்ப் படலத்தின்மேல் உட்கார்ந்திருக்கின்றன. தலை சாய்ந்தால் அவை சரிந்து, எது கீழ் என்று மூளைக்குச் சொல்லும். மிதக்கும்போது அவற்றுக்குக் கனம் கிடையாது. கண் ஒன்று சொல்கிறது, காது வேறொன்று சொல்கிறது, மூளை குழம்பி வாந்தி வருகிறது. மலைப்பாதைப் பேருந்தில் நடக்கும் அதே கதைதான். 1961 ஆகஸ்டில் ஒரு நாள் முழுக்க விண்ணில் இருந்த கெர்மன் தித்தோவ்தான் இதை முதலில் அனுபவித்தவர். 1969-ல் அப்போலோ 9 பயணத்தில் ரஸ்டி ஷ்வைக்கர்ட்டுக்கு வாந்தி வந்ததால் அவருடைய விண்நடைத் திட்டத்தையே சுருக்கினார்கள். கவச உடைக்குள் வாந்தி எடுத்தால் அது முகத்தின் முன்னாலேயே மிதக்கும், மூச்சே அடைக்கும். அதனால் போன முதல் சில நாட்களில் யாரையும் வெளியே அனுப்புவதில்லை. போகிறவர்களில் பாதிப் பேருக்கும் மேல் இது வருகிறது. போர் விமானம் ஓட்டிய அனுபவமும் இதிலிருந்து காப்பாற்றாது.

இரண்டு மூன்று நாளில் மூளை காதை நம்புவதை விட்டுவிட்டுக் கண்ணை மட்டும் நம்பக் கற்றுக்கொள்கிறது. நம் ககன்யான் பற்றிப் பேசும்போது இதை நான் நினைப்பதுண்டு. 400 கிலோமீட்டர் உயரத்தில் மூன்று நாள் என்பது திட்டம். எலும்புத் தேய்மானத்துக்கு அந்த மூன்று நாள் ஒரு பொருட்டே இல்லை. ஆனால் இந்தக் குமட்டல் காலம் முழுக்க அந்த மூன்று நாளுக்குள்தான் வருகிறது. சென்னையில் பிறந்த அஜித் கிருஷ்ணன் உட்பட நால்வர் அதற்குத் தேர்வாகியிருக்கிறார்கள். அவர்களில் சுபான்ஷு சுக்லா மட்டும் 2025 ஜூன், ஜூலையில் விண்வெளி நிலையத்துக்கே போய் வந்துவிட்டதால், இது என்னவென்று சொந்த உடம்பில் அறிந்த ஒருவர் அந்தக் குழுவில் இருக்கிறார்.

மூளை எவ்வளவு ஆழமாகப் பழகுகிறது என்பதற்கும் சுக்லாவே சொன்ன ஒரு நிகழ்ச்சி இருக்கிறது. திரும்பி வந்தபின் படுக்கையில் மடிக்கணினியில் வேலை பார்த்தவர், முடித்ததும் அதைப் பக்கத்துக் காற்றில் விட்டுவிட்டார், மிதக்கும் என்று. நல்லவேளை, கீழே கம்பளம் இருந்தது. மூன்று வாரத்துக்கும் குறைவான பழக்கம் அது.

இப்போது தசைக்கும் எலும்புக்கும் வருவோம். மாவுக்கட்டுப் பிரித்த கையைப் பார்த்திருப்பீர்கள். ஆறு வாரத்தில் சூம்பிப்போய், இன்னொருவர் கை போல இருக்கும். அசைக்காத தசையை உடம்பு சோறு போட்டு வளர்ப்பதில்லை. விண்வெளியில் கெண்டைக்கால், தொடை, முதுகு, இடுப்பு என்று நம்மை நிமிர்த்தி நிற்க வைக்கும் தசைகள் எல்லாவற்றுக்கும் ஒரே நேரத்தில் மாவுக்கட்டுப் போட்டது போல ஆகிறது. அங்கே நடப்பதற்குக் கால் தேவையில்லை. விரல் நுனியால் சுவரைத் தொட்டாலே மறுகோடிக்குப் போய்விடலாம். மாதங்கள் செல்லச் செல்ல உள்ளங்கால் தோல் உரிந்து குழந்தையின் பாதம் போல மென்மையாகிறது. நிலையாக நிற்பதற்குக் கம்பிக்கு அடியில் பாதத்தை மாட்டிக்கொள்வதால் புறங்காலில்தான் காய்ப்பு வருகிறது.

இதன் விலையை உலகம் முதலில் கண்டது 1970 ஜூனில். சோவியத் வீரர்கள் நிக்கோலயேவும் செவஸ்தியானோவும் சோயுஸ் 9-ல் ஏறக்குறைய 18 நாட்கள் இருந்துவிட்டு இறங்கினார்கள். சிறிய ஓடம், சரியான பயிற்சிக்கு இடமில்லை. கலத்திலிருந்து அவர்களைத் தூக்கித்தான் வெளியே எடுக்க வேண்டியிருந்தது. ஒழுங்காக நடக்கவே பல நாள் பிடித்தது. அதற்குப் பிறகுதான் உடற்பயிற்சி என்பது பயணத்தில் கட்டாய வேலையாக மாறியது.

எலும்பை நாம் கல் போல நினைக்கிறோம். உண்மையில் அது ஓயாமல் இடித்துக் கட்டப்படும் வீடு. ஒரு வகைச் செல்கள் கரைக்கின்றன, இன்னொரு வகை கட்டுகின்றன. எவ்வளவு கட்டுவது என்பதை மேலே விழும் பாரம் தீர்மானிக்கிறது. டென்னிஸ் ஆடுகிறவர்களுக்கு மட்டை பிடிக்கும் கையின் எலும்பு மற்றதைவிடத் தடித்திருப்பதற்கு இதுதான் காரணம். பாரம் போனால் கரைப்பது தொடரும், கட்டுவது சுணங்கும். இடுப்பு, தொடை, முதுகெலும்பு ஆகிய இடங்களில் மாதத்துக்கு 1 முதல் 1.5 சதவீதம் தாதுச்செறிவு போகிறது. தரையில் ஒரு முதியவர் ஓராண்டில் இழப்பதை இவர்கள் ஒரு மாதத்தில் இழக்கிறார்கள். கரைந்த கால்சியம் சிறுநீர் வழியே போகிறது. சிறுநீரகக் கல் வரும் ஆபத்தும் கூடவே வருகிறது.

எதிர்ப்பதற்கு ஒரே வழி, பாரத்தைச் செயற்கையாக ஏற்றுவது. இரும்புப் பளுவுக்கு அங்கே கனம் இல்லாததால், 2008-ல் நிலையத்துக்குப் போன கருவியில் வெற்றிட உருளைகளை இழுப்பதன் மூலம் எதிர்ப்பு உண்டாக்குகிறார்கள். சுமார் 270 கிலோ வரை வைத்துக்கொள்ளலாம். டிரெட்மில்லில் ஓட வேண்டுமானால் தோளிலும் இடுப்பிலும் பட்டை கட்டி உடம்பைக் கீழே இழுத்துப் பிடிக்க வேண்டும். தினமும் இரண்டு மணி நேரம், விடுமுறை நாளிலும்கூட. 2007 ஏப்ரலில் பாஸ்டன் மாரத்தான் நடந்தபோது சுனிதா வில்லியம்ஸ் அந்தப் பட்டைகளோடு மேலேயே 42 கிலோமீட்டரையும் ஓடி முடித்தார், நான்கு மணி 24 நிமிடத்தில். தோளை அறுக்கும் அந்தப் பட்டைகளை நினைத்தால் அந்த நேரத்தின் மதிப்பு புரியும்.

பயிற்சி தசையை நன்றாகவே காக்கிறது. எலும்பை அந்த அளவுக்கு இல்லை. 17 வீரர்களைத் தொடர்ந்து கவனித்த ஆய்வு ஒன்று 2022-ல் வந்தது. தரைக்குத் திரும்பி ஓராண்டு ஆன பிறகும் ஒன்பது பேருக்கு முழங்காலுக்குக் கீழுள்ள எலும்பு பழைய நிலைக்கு வரவில்லை. ஆறு மாதத்துக்கு மேல் இருந்தவர்கள் குறைவாகவே மீண்டிருந்தார்கள்.

2025 மார்ச்சில் 286 நாள் கழித்து இறங்கிய சுனிதாவையும் அவரோடு போன புட்ச் வில்மோரையும் ஸ்ட்ரெச்சரில் கொண்டுபோன காட்சியைப் பார்த்துப் பலர் பதறினார்கள். அது வழக்கமான நடைமுறை. ரத்தம் குறைந்திருக்கிறது, காதுப் படிகங்களுக்குத் திடீரென்று கனம் வந்திருக்கிறது, முதுகெலும்பு நீண்டு மறுபடி அமுங்குகிறது. அந்த நிலையில் எழுந்து நடந்து விழுந்தால் தேய்ந்த எலும்பு முறியலாம். அவர்கள் பலவீனமானவர்கள் என்பதால் அல்ல, விழவிடக் கூடாது என்பதால்தான் தூக்குகிறார்கள்.

தூக்கமின்மை, ஒரு நாளில் பதினாறு முறை உதிக்கும் சூரியன், எதிர்ப்புச் சக்தி குறைந்து பழைய அம்மைக் கிருமிகள் தலைதூக்குவது என்று இன்னும் பல உண்டு. அவற்றை விட்டுவிட்டுக் கதிர்வீச்சுக்கு வருகிறேன். பயிற்சியால் தடுக்க முடியாத விஷயம் அது. தரையில் நம்மைக் காற்று மண்டலமும் பூமியின் காந்தப்புலமும் போர்த்தியிருக்கின்றன. நிலையம் காந்தப்புலத்துக்கு உள்ளேதான் இருக்கிறது. அப்படியும் ஒரு நாளைக்கு அரை மில்லிசீவர்ட் (உடம்பில் ஏறும் கதிர்வீச்சை அளக்கும் அலகு) அளவில் கதிர்வீச்சு ஏறுகிறது. நமக்கோ ஓராண்டு முழுதும் சேர்ந்தே சராசரியாக 2.4. அதையும் தாண்டிப் போனால்? 2012-ல் செவ்வாயில் இறங்கிய கியூரியாசிட்டி ஊர்தி, போகும் வழியெல்லாம் ஒரு கருவியால் அளந்துகொண்டே போனது. அந்தக் கணக்குப்படி போய்வரும் பயணத்துக்கு மட்டும் சுமார் 660 மில்லிசீவர்ட். ஒரு விண்வெளி வீரர் வாழ்நாள் முழுவதும் வாங்கலாம் என்று நாசா வைத்திருக்கும் வரம்பு 600. சூரியப் புயல் வந்தால் கணக்கு இன்னும் மோசம். 1972 ஆகஸ்டில் மிகப் பெரிய புயல் ஒன்று வீசியது; ஏப்ரலில் அப்போலோ 16 திரும்பியிருந்தது, டிசம்பரில்தான் அப்போலோ 17 கிளம்பியது. இடையில் யாரும் நிலவில் இல்லாமல் இருந்தது வெறும் தற்செயல்.

செவ்வாய் என்று வந்ததும் வலேரி பொல்யாகோவைச் சொல்ல வேண்டும். அவர் மருத்துவர். 1994 ஜனவரியில் ரஷ்யாவின் மீர் விண்வெளி நிலையத்துக்குப் போய் 437 நாட்கள் தொடர்ச்சியாக இருந்தார். இன்றுவரை ஒரே பயணத்தில் அவ்வளவு நாள் வேறு யாரும் இருந்ததில்லை. 1995 மார்ச்சில் தரையிறங்கியதும் தூக்கிப்போக வந்தவர்களை வேண்டாம் என்று சொல்லிவிட்டு, அருகில் போட்டிருந்த நாற்காலிவரை தானே நடந்தார். செவ்வாயில் இறங்கும்போது நாற்காலியோடு யாரும் காத்திருக்கப் போவதில்லை, ஏழெட்டு மாதம் மிதந்தவர் அன்றே வேலை பார்க்க வேண்டியிருக்கும் என்பதைத் தன் உடம்பையே வைத்து அவர் சோதித்தார். தேர்ந்த ஒரு மருத்துவர் தன்னையே நோயாளியாக்கிக்கொண்ட அந்தச் சில அடிகள் எனக்கு நிலவில் வைத்த காலடிக்குக் குறைந்தவையாகத் தெரியவில்லை.

ஆனால் பொல்யாகோவின் உடம்பும் ஒரு கேள்விக்குப் பதில் சொல்லாது. செவ்வாயின் ஈர்ப்பு நம்முடையதில் 38 சதவீதம், நிலவில் ஆறில் ஒரு பங்கு. அந்த அளவு பாரம் எலும்பைக் காக்கப் போதுமா? முழு எடையில் உடம்பு எப்படி இருக்கும் என்று தெரியும். எடையே இல்லாமல் எப்படி இருக்கும் என்று அறுபது ஆண்டுகளாகப் படித்திருக்கிறோம். நடுவில் உள்ளதைப் பற்றி மனிதர்களிடமிருந்து கிடைத்ததெல்லாம் நிலவில் அதிகபட்சம் மூன்று நாள் அளவுக்குத் தங்கிய அப்போலோ பயணங்களின் அனுபவம்தான். 2016-ல் ஜப்பானியர்கள் விண்வெளி நிலையத்தில் சில எலிகளைச் சுழல் இயந்திரத்தில் வைத்து, பூமி அளவு எடையை உண்டாக்கி 35 நாள் வளர்த்தார்கள்; மிதந்த எலிகளுக்குத் தேய்ந்த தசையும் எலும்பும் சுழன்ற எலிகளுக்குத் தேயவில்லை. பல அளவு ஈர்ப்புகளை உண்டாக்கிப் பார்க்கும் பெரிய சுழல் கூடம் ஒன்றும் அதே நிலையத்துக்காகத் திட்டமிடப்பட்டு, பாதி கட்டப்பட்டது. செலவைக் காரணம் காட்டி 2005-ல் அதைக் கைவிட்டார்கள். அந்தக் கூடத்தின் வெற்றுக்கூடு ஜப்பானின் சுக்குபா விண்வெளி மையத்துக்குக் காட்சிப் பொருளாகப் போய்ச் சேர்ந்தது.